நூலின் முகப்பில் ஒரு பெயர்

நூல் ஒன்று கைக்கு வந்ததும், வாசிக்கத் தொடங்குமுன் அதன் முதற்பக்கத்திலே பெயரை எழுதிவைப்பது நம்மிற் பெரும்பாலார்க்கு இயல்பாகிவிட்ட வழக்கம். சிலர் பெயரோடு ஊரையும் தேதியையும் எழுதுவர். சிலர் இறப்பர் முத்திரை ஒன்றைச் செய்வித்து மூன்று நான்கு பக்கங்களிற் பதிப்பர். இரவல் கொடுத்த நூல் திரும்பி வருவதில்லை என்னும் பட்டறிவே இதற்குக் காரணம் என்று நாம் எண்ணுவதுண்டு. அது உண்மையே. ஆயினும், ஏறக்குறைய ஐந்தரை நூற்றாண்டுகளாக மனிதன் இச்சிறு செயலின்மீது செலவிட்ட கலைத்திறனை நோக்குமிடத்து, களவுக்கு அஞ்சுதல் என்னும் ஒரு காரணம் மட்டும் இதனை முழுவதாக விளக்கப் போதாது என்றே தோன்றுகின்றது.

மேலைநாட்டார் நூலின் முன்னட்டையின் உட்புறத்தில் ஒட்டுவதற்கென அச்சிட்ட சிறு தாள்களைப் பயன்படுத்தி வந்தனர். இன்னாருடைய நூல்களுள் ஒன்று என்று பொருள்படும் 'எக்ஸ் லிப்ரிஸ்' என்னும் இலத்தீன் தொடர் அத்தாள்களிற் பெரும்பாலும் காணப்படுதலால், அத்தொடரே அவற்றுக்குப் பெயராகவும் வழங்குகின்றது. தமிழில் அதனை நூலுடைமைச் சீட்டு என்று கூறலாம். இக்கட்டுரையில் அவ்வாறே வழங்குவேன். சீனன்குடாவிற் பிறந்து வளர்ந்த ஒருவன் இப்பொருளைப் பற்றி எழுதப் புகுவது விந்தையாகத் தோன்றக்கூடும். விமானத் தளமும், எண்ணெய்த் தாங்கிகளும், மாவாலையும், சீமெந்து ஆலையும் என்று அறியப்பட்ட ஊருக்கும் நூற்கலைக்கும் யாது தொடர்பு என்று கேட்பவர்க்கு, கட்டுரையின் பிற்பகுதி ஓரளவு விடை கூறும்.

அச்சுக்கு முந்திய காலத்து நூல் ஒவ்வொன்றும் தனித்தன்மையுடையது. ஒருவர் கையெழுத்துப்போல் இன்னொருவர் கையெழுத்து இராது. ஒரு படியிலுள்ள பிழை மற்றப் படியில் இராது. ஆகவே, தன் நூலைக் கண்டால் உடையவனுக்குத் தெரியும். மேலைநாட்டு மடாலயங்கள் தம் நூல்களைச் சங்கிலியாற் பலகையோடு பிணைத்து வைத்தன என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது. சங்கிலியிட்ட நூலுக்குச் சீட்டு வேண்டியதில்லை. அச்சுப்பொறி வந்து, ஒரே முகமுடைய நூற்றுக்கணக்கான படிகள் சந்தைக்கு வந்த பின்னரே, இது என்னுடையது என்று வேறுபடுத்திக் காட்டவேண்டிய தேவை பரவலாயிற்று. எனவே அச்சுக்கலையின் உடன்பிறப்பாக நூலுடைமைச் சீட்டைக் கொள்வது பொருந்தும்.

காலத்தால் முந்திய சீட்டுகள் ஜேர்மனியிலே தோன்றியவை. 15ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியை அடுத்து அங்கு வாழ்ந்த இக்லர் என்னும் பெயர்கொண்ட குருவானவர் ஒருவரின் சீட்டில், வாயிற் பூவொன்றைக் கவ்விய முள்ளெலி மரக்கட்டையிற் செதுக்கப்பட்டுள்ளது. ஜேர்மன் மொழியில் 'இகெல்' என்பது முள்ளெலியைக் குறிக்கும். பெயரை வைத்து விளையாடிய அந்த நகைச்சுவை, எழுத்தறியாத வேலையாளுக்கும் உடையவர் இன்னார் என்று காட்டிக்கொடுத்திருக்கும். 1480ஆம் ஆண்டளவில் ஹில்டபிராண்ட் பிராண்டன்பர்க் என்பவர் புக்ஸைம் என்னும் மடத்துக்குத் தம் நூல்களை வழங்கியபோது, எருதின் உருவம் பொறித்த கேடயமொன்றைத் தாங்கி நிற்கும் தேவதூதனை அச்சிட்டு, கையால் வண்ணந்தீட்டி ஒட்டுவித்தார். முதன்முதல் எழுந்த சீட்டுகளிலேயே கொடைச் சீட்டும் ஒன்றாக இருப்பது மனங்கொள்ளத்தக்கது. வைத்துக்கொள்வதற்கு மட்டுமன்றி, கொடுப்பதற்கும் பெயர் வேண்டியிருந்தது. இங்கிலாந்திலும் பழைய சீட்டுகளுள் ஒன்றாகப் போற்றப்படுவது, 1574ஆம் ஆண்டில் சேர் நிக்கலஸ் பேக்கன் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துக்கு வழங்கிய நூல்களில் ஒட்டப்பட்ட கொடைச் சீட்டேயாகும்.

16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நூரம்பேர்க் நகரத்து அறிஞர் பிர்க்ஹைமர் என்பாருக்கு அவர்தம் நண்பராகிய ஓவியர் அல்பிரெக்ற் டூரர் செதுக்கிக் கொடுத்த சீட்டு இவ்வரலாற்றிற் பெரிதும் பேசப்படுவது. அதன் மேற்புறத்தில் எபிரேயம், கிரேக்கம், இலத்தீன் ஆகிய மும்மொழிகளிலும் ஒரே வாசகம் பொறிக்கப்பட்டுள்ளது. இலத்தீனில் அமைந்த மற்றொரு தொடர், இந்நூல் தனக்கும் தன் நண்பர்க்கும் உரியது என்று பொருள்படுவது. உடைமையை அறிவிக்க எழுந்த தாளிலேயே உடைமையைப் பகிரவும் ஒருவர் துணிந்தார். பிற்காலத்துச் சீட்டுகள் பலவற்றில் திருடுவோனைச் சபிக்கும் வாசகங்கள் இடம்பெற்றன. கொடையும் சாபமும் ஒரே அளவுத் தாளிலே அடுத்தடுத்து வாழ்ந்தன எனலாம்.

சீட்டின் வடிவம் அவ்வக்காலத்துச் சமூகத்தைக் காட்டும் கண்ணாடியாகவும் அமைந்தது. இங்கிலாந்தில் முதலிற் குடும்பக் கேடயச் சின்னங்களே பெருகின. 18ஆம் நூற்றாண்டில் அச்சின்னங்களைச் சூழ்ந்த அலங்காரம், மரத்தளபாடங்களின் பாணியைப் பின்பற்றி மாறியது. சிப்பன்டேல் என்னும் தளபாடக் கலைஞரின் பெயர் ஒரு வகைச் சீட்டுக்கு வழங்கப்படுவதும் இதனாலேயே. இவ்வகைப் பெயர்களை ஒழுங்குபடுத்தியவர் டி டேப்லி பிரபு. அவருடைய வழிகாட்டி நூல் 1880ஆம் ஆண்டில் வெளிவந்தது. தோமஸ் பியூவிக் என்னும் மரச்செதுக்குக் கலைஞர் கேடயங்களைப் பின்னே தள்ளி, ஆற்றங்கரையையும் மரங்களையும் சீட்டுக்குள் கொண்டுவந்தார். குடிப்பிறப்பைப் பறைசாற்றிய தாள், உடையவன் விரும்பிய நிலக்காட்சியைக் காட்டும் தாளாக மாறியது. 1891ஆம் ஆண்டில் இலண்டனில் இதற்கெனவே ஒரு சங்கம் தோன்றியது. 1897இல் மறைந்த சேர் ஓகஸ்டஸ் பிராங்ஸ் திரட்டிய பல்லாயிரக்கணக்கான சீட்டுகள் பிரித்தானிய நூதனசாலையைச் சேர்ந்தன.

இங்கு ஒரு குறையும் உண்டு. சீட்டைச் சேகரிப்பது பொழுதுபோக்காக வளர்ந்தபோது, நூலிலிருந்து சீட்டை நனைத்து உரித்தெடுக்கும் வழக்கமும் வளர்ந்தது. உரித்த சீட்டு அழகிய படம். ஆனால் அது எந்த நூலில் இருந்தது, அந்நூலை அவர் ஏன் வைத்திருந்தார் என்பவை அக்கணமே மறைந்துபோகின்றன. சீட்டு நூலை விட்டுப் பிரிந்தால் இரண்டும் ஊமையாகின்றன.

கீழைநாட்டார் வழக்கம் வேறு வகையாக வளர்ந்தது. சீனத்துச் சேகரிப்பாளர் கல்லிற் செதுக்கிய முத்திரையைச் செந்நிறக் குழம்பிலே தோய்த்து நூலின் தாளில் நேரே பதித்தனர். நூல் கைமாறும்போது புதியவர் பழைய முத்திரையை அழிப்பதில்லை; அதனருகே தம் முத்திரையைப் பதிப்பார். இவ்வாறு ஐந்தாறு தலைமுறைகளின் முத்திரைகள் ஒரே பக்கத்திற் சேர்வதுண்டு. அறிஞர் ஒருவரின் முத்திரை இருப்பது அந்நூலுக்கு மதிப்பைக் கூட்டிற்று. யப்பானில் டைகோஜி என்னும் பௌத்த ஆலயத்தைச் சார்ந்த 1470ஆம் ஆண்டுச் சீட்டு அந்நாட்டிற் பழமையானதாகக் கருதப்படுகின்றது. ஆயினும் பொதுவில் முத்திரையே அங்கும் ஆட்சி செலுத்தியது. 1900ஆம் ஆண்டளவில் எமில் ஓர்லிக் என்னும் ஓவியர் அங்கு சென்றபின்னரே மேலைநாட்டுப் பாணிச் சீட்டு யப்பானியரைக் கவர்ந்து, அவர்தம் மரக்கட்டை அச்சுக்கலையோடு இணைந்து புதுமலர்ச்சி பெற்றது.

இனி நம்மவர் நிலையை நோக்குவோம். ஓலைச்சுவடியில் ஒட்டுவதற்கு இடமில்லை. ஒட்டினாலும் நில்லாது. ஆகவே பெயர் ஏட்டுக்குள்ளேயே எழுத்தாணியாற் கீறப்பட்டது. சுவடியின் இறுதியில் ஆண்டின் பெயர், மாதம், தேதி, எழுதியவர் பெயர், யாருடைய ஏடு என்பது, குருவணக்கம் ஆகியவை இடம்பெறுவதைச் சுவடிகளோடு பழகியோர் அறிவர். பிழை பொறுக்குமாறு வேண்டும் வரிகளும் உண்டு. ஏடு கிழியாதிருக்கும்பொருட்டுப் புள்ளியைத் தவிர்த்து எழுதிய வழக்கத்தால், சில பெயர்களை இன்று எவ்வாறு ஒலிப்பது என்று ஐயுறவேண்டியுள்ளது. மேலைநாட்டுச் சீட்டு நூலை வாங்கியவனைக் குறித்தது. நமது சுவடிக் குறிப்பு எழுதியவனையும் உடையவனையும் ஒருங்கே நினைத்தது. உழைத்த கைக்கும் ஓர் இடம் கொடுத்த அம்மரபு பெருமைக்குரியது.

அச்சு வந்தபோது இம்மரபு முற்றாக மறையவில்லை. உ. வே. சாமிநாதையர் தம் பதிப்புகளின் முகவுரைகளில், எந்தச் சுவடி யாரிடமிருந்து கிடைத்தது என்று உடையவரின் பெயரையும் ஊரையும் நன்றியோடு குறிப்பிட்டார். சுவடியின் கடைசி ஏட்டிலிருந்த பெயர்கள் இவ்வாறு அச்சுநூலின் முகவுரைக்கு இடம்பெயர்ந்தன. தஞ்சையில் 1798 முதல் 1832 வரை ஆண்ட இரண்டாம் சரபோசி மன்னர், தாம் தேடி வாங்கிய ஐரோப்பிய நூல்களில் ஆங்கிலத்திற் கையொப்பமிட்டு வைத்தார். சரசுவதி மகால் நூலகத்தில் அவை இன்றும் உள. சின்னமும் கேடயமும் வேண்டிய அளவு செய்வித்திருக்கக்கூடிய ஓர் அரசர், தம் கையெழுத்தே போதும் என்று கொண்டார்.

நூலின் தோற்றத்தைக் கலையாகப் போற்றிய இயக்கத்தோடு நம் நாட்டவர் ஒருவருக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு. 1877ஆம் ஆண்டில் கொழும்பிற் பிறந்த ஆனந்த குமாரசுவாமி, இடைக்காலச் சிங்களக் கலை பற்றிய தம் பெருநூலை இங்கிலாந்தில் பிரோட் கம்டன் என்னும் சிற்றூரிலே தம் மேற்பார்வையில் அச்சிடுவித்தார். 1907இல் தொடங்கிய வேலை 1908 மார்கழியில் முடிந்தது. வில்லியம் மொறிஸ் பயன்படுத்திய கையச்சுப்பொறியே அதற்குப் பயன்பட்டது. படிகள் 425 மட்டுமே. நூலின் இறுதியில் எங்கே, எப்பொழுது, எப்பொறியில் அச்சாயிற்று என்ற குறிப்பும் உண்டு. அதனைக் காணும்போதெல்லாம் நமது ஓலைச்சுவடியின் இறுதி ஏடே எனக்கு நினைவுக்கு வரும். அவருடைய நண்பர் எரிக் கில் அக்காலத்து ஆங்கில நூலுடைமைச் சீட்டுக் கலையில் முன்னணியில் நின்றவர் என்பதும் குறிப்பிடத்தக்கது.

திருகோணமலையும் நூலுக்கு அந்நியமான நிலமன்று. 1895ஆம் ஆண்டில் மோகனாங்கி என்னும் நவீனத்தை வெளியிட்ட தி. த. சரவணமுத்துப்பிள்ளை இவ்வூரினர், சென்னையிலே கீழைத்தேயச் சுவடி நூலகத்திற் பணிபுரிந்தவர். அவருடைய தமையனார் கனகசுந்தரம்பிள்ளை பதிப்புப் பணியாற் புகழ்பெற்றவர். இன்னும் முன்னோக்கிச் சென்றால், 1660ஆம் ஆண்டில் கொட்டியாரக் குடாவிலே சிறைப்பட்டு, ஏறத்தாழ 20 ஆண்டுகள் கண்டி இராச்சியத்தில் வாழ்ந்த றொபேட் நொக்ஸ் கூறும் நிகழ்ச்சி ஒன்று உண்டு. அவர் மீன்பிடித்துக்கொண்டிருந்த இடத்தால் வந்த முதியவர் ஒருவர், தம்மிடம் ஒரு புத்தகம் இருப்பதாகக் கூறினாராம். போர்த்துக்கேயர் கொழும்பை இழந்த காலத்தில் அவர் கைக்கு வந்த அப்புத்தகம் ஆங்கில விவிலியமாக இருந்தது. பின்னிய தொப்பி ஒன்றைக் கொடுத்து நொக்ஸ் அதனைப் பெற்றார். அந்த விவிலியத்தின் முதல் உடையவர் யார்? போர் நடந்த நகரத்திலிருந்து அது மலைநாட்டுக்கு எத்தனை கைமாறி வந்தது? நூலைப் பெற்றவரின் மகிழ்ச்சியை நொக்ஸ் எழுதினார்; இழந்தவரின் கதையை எழுத ஒருவரும் இல்லை.

இவ்வினா சீனன்குடாவில் எனக்கு வேறு வடிவத்தில் எதிர்ப்பட்டது.

எங்கள் ஊர் உள்துறைமுகத்தின் கரையில் அமைந்தது. 1927ஆம் ஆண்டிற் புகையிரதப் பாதை திருகோணமலைக்கு வந்தபின் அதற்கு ஒரு நிலையமும் கிடைத்தது. பிரித்தானியர் காலத்து எண்ணெய்த் தாங்கிகள் காட்டினிடையே இலக்கமிடப்பட்டு நிற்கின்றன. 1942 ஏப்பிரல் 9ஆம் தேதி யப்பானிய விமானங்கள் தாக்கியபோது அவற்றுள் ஒன்று எரிந்தழிந்தது. 1957இல் பிரித்தானியப் படையினர் தளங்களைக் கையளித்துச் சென்றனர். வருவதும் போவதும் இவ்வூரின் இயல்பு. ஆனால் 1990ஆம் ஆண்டின் நடுப்பகுதியிற் போர் மீண்டும் மூண்டபோது மாவட்டத்தின் மக்கள் வீடுவாசலை விட்டு ஓடியது, அத்தகைய வருகையும் போக்கும் அன்று. கையிற் குழந்தையையும் அடையாள அட்டையையும் எடுத்தவர்கள் புத்தகத்தை எடுக்கவில்லை.

எங்கள் பகுதியில் இளைப்பாறிய ஆசிரியர் ஒருவர் இருந்தார். அவரும் ஓடியவரே. ஆயினும் ஏனையோரினும் முந்தித் திரும்பியவர். கூரையிழந்த வீடுகளிலும், மழையில் நனைந்த அலுமாரிகளிலும், ஒரு முறை வீதியோரத்துக் குப்பையிலும் கண்ட நூல்களை எடுத்து வெயிலில் உலர்த்தி, இரண்டு தகரப் பெட்டிகளில் வைத்திருந்தார். போர் முடிந்து சில ஆண்டுகளின் பின் ஊரிலே வாசிகசாலை ஒன்றை மீளத் தொடங்க இளைஞர்கள் முற்பட்டபோது, அப்பெட்டிகளை அவர் அவர்களிடம் ஒப்படைத்தார். இருநூறுக்குச் சற்று மேற்பட்ட நூல்கள். அவற்றில் ஒட்டுவதற்கு ஒரு சீட்டு வரைந்து தருமாறு, இத்துறையில் எனக்குள்ள ஈடுபாட்டை அறிந்து, என்னைக் கேட்டனர்.

நூல்களைப் புரட்டியபோதுதான் பொறுப்பின் கனம் புலனாயிற்று. பாதிக்கு மேற்பட்டவற்றில் ஏற்கெனவே பெயர்கள் இருந்தன. மையாலெழுதிய கையொப்பங்கள், முட்டைவடிவ இறப்பர் முத்திரைகள், திருமணத்துக்கு வாழ்த்தி வழங்கிய குறிப்புகள், தகப்பன், மகன், பேர்த்தி என மூவர் பெயர் ஒன்றன்கீழ் ஒன்றாக அமைந்த ஒரு தேவாரத் திரட்டு, அரபுத் தமிழிற் குறிப்பெழுதிய ஒரு பழைய வைத்திய நூல், கயிறு சுற்றிய நங்கூரம் அச்சிட்ட, ஆங்கிலேயர் ஒருவரின் முறையான நூலுடைமைச் சீட்டுடன் கூடிய கடற்பயண நூல் ஒன்று. இவை யாவற்றினும் என் நெஞ்சைத் தொட்டவை பாடசாலைப் பரிசுச் சீட்டுகள். பாடசாலையின் சின்னம், வகுப்பு, பாடம், பெற்ற இடம், அதிபரின் கையொப்பம் ஆகிய இவற்றையெல்லாம் கொண்டு அச்சிட்ட அச்சிறுதாளே நம் சமூகம் தானாக வளர்த்துக்கொண்ட நூலுடைமைச் சீட்டு என்பேன். கேடயமும் குலச்சின்னமும் இல்லாத வீட்டுப் பிள்ளைக்கு, ஐந்தாம் வகுப்பிலே தமிழில் முதலிடம் பெற்றமையே சின்னமாயிற்று.

சட்டப்படியோ வழக்கப்படியோ பார்த்தால் இந்நூல்கள் யாருடையவை? எடுத்துக் காத்தவர் ஆசிரியர், ஏற்றுக்கொண்டது வாசிகசாலை, பெயர் எழுதியவர்கள் வேறு நாட்டில், அல்லது வேறு ஊரில், அல்லது எங்கும் இல்லை. புதிய சீட்டை ஒட்டவேண்டிய இடமோ பழைய பெயர்கள் இருக்கும் அதே இடம். நிருவாகக் குழுவில் ஒருவர், பழைய பெயர்கள் தெரிந்தால் பின்னர் உரிமை கேட்டு ஆட்கள் வருவர், வாசிகசாலை வெறுமையாகும் என்றார். அவர் கூற்றைத் தன்னலம் என்று தள்ளிவிட இயலாது. ஊர்ப்பிள்ளைகளுக்கு வேறு நூல்கள் இல்லை. இருக்கும் இருநூறும் போய்விட்டாற் பின்னர் வாசிகசாலை என்பது ஒரு பெயர்ப்பலகையே. முதியவராகிய ஆசிரியர் மட்டும் என்னை நோக்கி, "பேரை மறைச்சு ஒட்டிப்போடாதையும், தம்பி. அந்தப் பிள்ளையள் ஒருநாளைக்கு வந்து தேடுங்கள்" என்றார். அதன்மேல் அவர் வாதிடவில்லை.

1981ஆம் ஆண்டு மே 31ஆம் தேதி இரவு யாழ்ப்பாணப் பொது நூலகம் எரியூட்டப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன என்பதை நாம் அனைவரும் அறிவோம். அறிஞர் பலர் தம் வாழ்நாளிற் சேர்த்து வழங்கிய தனிச் சேகரிப்புகளும் அவற்றுள் அடங்கும். எண்ணிக்கையை நாம் நினைவில் வைத்திருக்கிறோம். ஆனால் 97,000 என்பது, எத்தனையோ வீட்டு அலுமாரிகளும், எத்தனையோ பேருடைய கையொப்பங்களும் சேர்ந்த தொகை. தீயால் அழிந்த பெயர்களை மீட்கவொண்ணாது. தீக்குத் தப்பிய பெயர்களை நாமே பசையும் தாளும் கொண்டு மறைப்பதா என்று என்னையே கேட்டுக்கொண்டேன்.

சீனத்து வழக்கம் அப்பொழுது கைகொடுத்தது. ஊர்ப்பெயரின் முற்பகுதி அந்நாட்டை நினைவூட்டுவதும் ஒரு பொருத்தமே. பழைய முத்திரையை அழியாது அருகிற் புதியது பதிக்கும் முறையை ஒட்டி, எங்கள் சீட்டு நான்கு வரிகளைக் கொண்டதாக அமைந்தது. முதல் வரி, நூலை முன்னர் வைத்திருந்தவர் பெயர். இரண்டாவது, நூல் கண்டெடுக்கப்பட்ட இடமும் ஆண்டும். மூன்றாவது, காத்துத் தந்தவர் பெயர். நான்காவது, வாசிகசாலையின் பதிவிலக்கம். பெயர் ஏதும் இல்லாத நூலில் முதல் வரி வெறுமையாக விடப்படும். வாசிகசாலையின் பெயர் அங்கே ஏறாது. சீட்டை முன்னட்டையில் ஒட்டாமல், பழைய பெயருக்கு எதிர்ப்பக்கத்தில், அதுவும் வெறுமையாக இருந்தால் மட்டுமே ஒட்டுவது என்று முடிவு செய்தோம்.

படம் பற்றிய விவாதம் நீண்டது. கோபுரம் என்றார் ஒருவர். ஊரில் மூவினத்தவரும் வாசிக்க வரும் இடத்தில் அது பொருந்துமா என்றார் மற்றொருவர். எண்ணெய்த் தாங்கியை வரையலாம் என்று ஓர் இளைஞர் கூற, வாசிகசாலையை எண்ணெய்க் கடை என்று நினைப்பர் என்று அனைவரும் சிரித்தோம். இறுதியில், கரையில் ஏற்றி வைத்த வள்ளம் ஒன்று போதும் என்றாயிற்று. வள்ளத்துக்குச் சாதியுமில்லை சமயமுமில்லை. அத்துடன் அதனை வரைவதும் எளிது. ஊர்ப்பெயர் மும்மொழியிலும் இடம்பெற்றது. புகையிரத நிலையத்துப் பெயர்ப்பலகையைப் பார்த்தே எழுதினோம் எனினும், பிர்க்ஹைமரின் மும்மொழிச் சீட்டும் என் உள்ளத்தில் இருந்ததை மறைக்கவேண்டியதில்லை.

உயர்தர வகுப்பு மாணவி ஒருவர் லினோலியத் துண்டிற் படத்தைச் செதுக்கினார். அச்சிலே எழுத்து நேராக வரவேண்டுமாயின் கட்டையில் இடம்வலம் மாற்றிச் செதுக்கவேண்டும். தமிழில் இது சற்றுத் தொல்லையானது. 'பெயர்' என்னும் சொல்லில் முன்னே வரும் கொம்பு கட்டையிற் பின்னே செல்லும். வளைவுகள் யாவும் எதிர்த்திசை திரும்பும். ஓலையில் எழுத்தாணி வளைந்து ஓடியதால் உருண்ட நம் எழுத்துகள், நேர்கோட்டை விரும்பும் உளிக்கு எளிதில் இணங்குவதில்லை. நான்காவது துண்டிலேதான் அவருக்கு நிறைவு உண்டாயிற்று. அச்சுப்பொறி இன்மையால், மை தடவிய கட்டைமீது தாளை வைத்துக் கரண்டியின் புறத்தாற் தேய்த்தே அச்செடுத்தோம். ஒன்றைப்போல் மற்றொன்று இல்லை. அச்சு நூலுக்கு இல்லாத தனித்தன்மை எங்கள் சீட்டுக்குக் கிடைத்தது.

ஒட்டும் வேலையிலும் கவனம் வேண்டும். மாவாலை இருக்கும் ஊரிற் பசைக்குப் பஞ்சமில்லை. ஆனால் மாப்பசை பூச்சிக்கும் விருந்து. நூல் கட்டுவோர் அதிற் சிறிது மயில்துத்தம் கலப்பது அதனாலேயே. கடற்காற்றின் ஈரம் தாளைச் சுருக்கும். ஒட்டிய நூலைப் பாரமேற்றி உலரவிடவேண்டும். இறப்பர் முத்திரையின் எண்ணெய் மை மறுபக்கம் ஊறித் தெரிவதையும், பழுத்த தாளிற் பேனை மை கரைவதையும் கண்டமையால், நான்கு வரிகளையும் பென்சிலால் நிரப்புவதென விதித்தோம். பென்சில் எழுத்து நீரிற் கரையாது. வேண்டுமாயின் திருத்தவும் இயலும்.

பயன் யாதென்று கேட்கலாம். இதுவரை இரண்டு நூல்கள் உடையவரிடம் திரும்பிச் சென்றுள்ளன. ஒன்று, கோடை விடுமுறையில் வெளிநாட்டிலிருந்து வந்த ஒருவர் தம் தந்தையாரின் முத்திரையைக் கண்டு கேட்டுப் பெற்றது. மற்றது பரிசு நூல். அந்தப் பிள்ளை இப்பொழுது பேரப்பிள்ளை கண்டவர். வேறு மாவட்டத்தில் வாழ்கிறார். உறவினர் ஒருவர் சீட்டைப் பார்த்து அவருக்கு அறிவித்தார். அவர் வந்து, பழைய தாளையும் புதிய தாளையும் நெடுநேரம் பார்த்துவிட்டு, நூலை எடுத்துச் சென்றார். கொடையாக விட்டுச் செல்வார் என்று எதிர்பார்த்திருந்த இளைஞர்க்கு அது சிறு ஏமாற்றமே. எனக்கு அது சரியென்றே பட்டது. தம்மிடமிருந்து பறிபோன பலவற்றுள் ஒன்று கைக்கு மீண்டவரிடம், அதனையும் கொடுத்துவிடும் பெருந்தன்மையை எதிர்பார்க்க நமக்கு உரிமை ஏது? பதிவேட்டில் அவ்விலக்கத்துக்கெதிரே, உடையவரிடம் சேர்க்கப்பட்டது என்று எழுதினோம். குழுவில் முன்னர் அஞ்சியவர் கூறியதும் ஒருவகையில் மெய்யாயிற்று: வாசிகசாலையில் இரண்டு நூல்கள் குறைந்தன. அவ்விரண்டின் இடத்தையும் ஊரவர் கொணர்ந்த வேறு நூல்கள் நிரப்பின. அனைத்து நூல்களும் இவ்வாறு சென்றால் நிரம்புமா என்பதை நான் அறுதியிட்டுக் கூறமாட்டேன்.

2005ஆம் ஆண்டு தொடங்கிய நூலகம் எண்ணிம நூலகத்தில் ஈழத்து நூல்களின் பக்கப் படங்களைப் பார்ப்போர், தலைப்புப் பக்கத்திலே யாரோ ஒருவரின் கையொப்பத்தையோ வாசிகசாலை ஒன்றின் முத்திரையையோ அடிக்கடி காண்பர். படியெடுப்போர் அவற்றைத் துடைத்து வெண்மையாக்காது விட்டமை நன்று. நூலின் பொருளை ஆராய்வோர்க்கு அவை கறை. நம் சமூகத்தில் யார் எங்கே எதை வாசித்தனர் என்று ஆராய்வோர்க்கு அவையே மூலம். பெயர்களைத் தொகுத்து, ஊர்வாரியாக ஒழுங்குபடுத்தினால், அழிந்த வாசிகசாலைகள் சிலவற்றின் வரலாற்றையாவது மீட்டெழுதலாம். தமிழ்த்துறை, வரலாற்றுத்துறை மாணவர் ஒருவர் இதனை ஆய்வுப் பொருளாக மேற்கொள்வாராயின் பயன் பெரிதாகும்.

அதற்கிடையில் நாம் செய்யக்கூடியது சிறிது. இவ்விதழை வாசிக்கும் மாணவர் தம் நூல்களிற் பெயரோடு ஊரையும் ஆண்டையும் சேர்த்துப் பென்சிலால் எழுதிவைக்கலாம். பழைய நூற்கடையில் வாங்கிய நூலிலுள்ள முந்தியவரின் பெயரை வெட்டியெறியாதிருக்கலாம். அதன்கீழ் தம் பெயரை எழுதலாம். வீட்டிலே முதியோர் விட்டுச்சென்ற நூல்களைப் பல்கலைக்கழகத்துக்கோ பாடசாலைக்கோ வழங்குமுன், யாருடைய பெயர் எதில் உள்ளது என்று ஒரு பட்டியல் எடுத்துக்கொள்ளலாம். எங்கள் வாசிகசாலையில் முதல் வரி வெறுமையாகவுள்ள சீட்டுகள் இன்னும் எண்பதுக்கு மேல் உள்ளன. சீனன்குடாப் பக்கம் செல்பவர்கள் ஒருமுறை அவற்றைப் புரட்டிப் பார்ப்பார்களாக; கையெழுத்தைக் கொண்டாவது யாரேனும் ஒருவரை அடையாளங்காணக்கூடும்.